மறைபொருளும் வண்ணமும்: ஓவியர் நோர்வல் மொறிசோவும் அனிஷினாபே மரபும்

அழிவை எதிர்நோக்கும் ஒரு மரபினைக் காக்க முற்படுவோர் முன் இரு வழிகள் உள்ளன. உரியோர் சிலரிடையே அதனை மறைபொருளாகவே பேணி, அவர்தம் வழிவந்தோரிடம் ஒப்படைப்பது ஒன்று. மறைப்பை நீக்கி, அறிந்தார் அறியார் அனைவர் முன்பும் அதனை வெளிப்படுத்திவிடுவது மற்றொன்று. முன்னைய வழியிற் செல்வோர், கற்கும் தலைமுறை அற்றுப்போமாயின் மரபும் தம்மோடு மாய்வதைக் காண நேரும். பின்னைய வழியிற் செல்வோர், தம் மரபு பிறர் கைப்பொருளாவதைக் காண நேரும். வட அமெரிக்காவின் பேரேரிகளைச் சூழ்ந்து வாழும் அனிஷினாபே மக்களிடையே இச்சிக்கல் இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிற் கூர்மையடைந்தது. அதனைக் கூர்மைப்படுத்தியவர் பேரறிஞரோ அரசியல்வாதியோ அல்லர். பத்து வயதளவிற் பாடசாலையை விட்டு நீங்கிய ஓர் ஓவியர். நோர்வல் மொறிசோ என்னும் அவ்வோவியர் தம் முன்னோரின் மறைபொருளை வண்ணத்திற் கொணர்ந்த வரலாற்றையும், அதனால் அவர் மக்கள் பெற்றதையும் இழந்ததையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

அனிஷினாபே என்பது தனியொரு குலத்தின் பெயரன்று. ஒஜிப்வே, ஒடாவா, பொற்றவற்றமி, மிசிசாகா, அல்கொங்குவின் முதலான, மொழியாலும் மரபாலும் நெருங்கிய பல குலத்தார் தம்மைத் தாமே சுட்டும் பொதுப்பெயர் அது. நம் பாடநூல்கள் நெடுங்காலமாக இவர்களையும், இவர்களோடு யாதொரு தொடர்புமற்ற பிற இனத்தாரையும் 'செவ்விந்தியர்' என்ற ஒற்றைச் சொல்லில் அடக்கி வந்துள்ளன. கொலம்பசின் கடல்வழித் தவறொன்றினால் எழுந்த அப்பெயரை நாமும் ஆராயாது ஏற்றுக்கொண்டோம். ரொறன்ரோவை அடுத்துள்ள மிசிசாகா நகரத்தின் பெயரைக் கேட்டிராத ஈழத்தமிழ்க் குடும்பம் இன்று அரிது. உறவினரின் முகவரியாக மட்டும் நாம் அறிந்த அப்பெயர் ஓர் அனிஷினாபே குலத்தின் பெயராகும். ரொறன்ரோ நகரம் எழுந்த நிலத்தைப் பிரித்தானிய முடி அக்குலத்தாரிடமிருந்தே 1787 ஆம், 1805 ஆம் ஆண்டு உடன்படிக்கைகளின் வழி பெற்றது. அவ்வுடன்படிக்கைகள் முறையாக நிகழவில்லையென அவர்கள் முன்வைத்த கோரிக்கை, 2010 ஆம் ஆண்டிலேயே 14 கோடியே 50 இலட்சம் கனேடிய டொலர் இழப்பீட்டுடன் முடிவுக்கு வந்தது.

இம்மக்களின் மொழி அனிஷினாபேமோவின் எனப்படும். மொறிசோவின் ஓவியங்களை விளங்கிக்கொள்ள அம்மொழியின் ஓர் இலக்கணக்கூற்றை அறிதல் பயனுடையது. அம்மொழியிற் பெயர்ச்சொற்கள் ஆண்பால், பெண்பால் எனப் பகுக்கப்படுவதில்லை. உயிருள்ளவை, உயிரற்றவை என அவை இரு வகுப்பாகின்றன. வினையின் வடிவமும் அதற்கேற்ப வேறுபடுகின்றது. உயர்திணை, அஃறிணைப் பாகுபாட்டில் ஊறிய நமக்கு இது புதிதன்று போலத் தோன்றும். ஆயின் தொல்காப்பியர் கூறும் திணை மக்களை ஒருபுறமும் ஏனைய யாவற்றையும் மறுபுறமும் நிறுத்துவது. அனிஷினாபே மொழியிலோ மனிதனும் மானும் மரமும் ஒரே வகுப்பின. 'அசின்' எனப்படும் கல்லும் அவ்வகுப்பினதே. சடங்குகளில் ஒலிக்கும் முரசும் அவ்வகுப்பினதே.

இலக்கணத்தைக் கொண்டு ஓர் இனத்தின் உலகநோக்கு முழுவதையும் அளந்துவிட முடியாது என்பதும் உண்மை. இம்மொழியில் ராஸ்பெரிப் பழம் உயிருள்ள வகுப்பையும், ஸ்ட்ரோபெரிப் பழம் உயிரற்ற வகுப்பையும் சேர்ந்தன. இதற்குத் தத்துவக் காரணம் தேடுவது வீண்முயற்சி. எனினும் 1930 களில் வின்னிபெக் ஏரிக்குக் கிழக்கே பெரன்ஸ் ஆற்றங்கரையில் ஆய்வு நிகழ்த்திய மானிடவியலாளர் ஹலோவெல் பதிவு செய்த உரையாடலொன்று இவ்விடத்தில் நினைக்கத்தக்கது. இங்கு நாம் காணும் கற்கள் யாவும் உயிருள்ளனவா என அவர் ஒஜிப்வே முதியவர் ஒருவரிடம் வினவினார். முதியவர் நெடுநேரம் சிந்தித்து, யாவும் அல்ல, ஆயின் சில உயிருள்ளன என்று விடை கூறினார். கல் எதுவாயினும் அதற்கு உயிருண்டு என்ற குருட்டு நம்பிக்கை இங்கில்லை. எந்தக் கல் எப்போது உயிருள்ளதாக நடந்துகொள்ளும் என்பதை அனுபவமே காட்டவேண்டும் என்ற நிதானம் இருக்கின்றது. பின்னாளில் மொறிசோ தம் ஓவியங்களில் மனிதனையும் கரடியையும் மீனையும் பறவையையும் கருங்கோடுகளால் ஒன்றோடொன்று பிணைத்தபோது அவர் புதிதாக எதையும் புனைந்துரைக்கவில்லை; அம்மொழி பேசுவோர் நாள்தோறும் வினைமுற்றிற் செய்து வந்ததையே வரைந்தார் எனலாம்.

பழங்காலத்தில் இவர்களிடம் ஒலியை எழுதும் எழுத்து இருக்கவில்லை. ஆனாற் பதிவு இருந்தது. சுப்பீரியர் ஏரியின் வடகிழக்குக் கரையிலுள்ள அகாவாப் பாறையிலே செங்காவியால் தீட்டப்பட்ட உருவங்கள் இன்றும் உள்ளன. நீரின் அடியில் உறைந்து ஏரியைக் கொந்தளிக்கச் செய்யும் மிஷிபிஷூ என்னும் கொம்புடைய விலங்கு அவற்றுட் புகழ்பெற்றது. பாறையைவிட நுணுக்கமான பதிவு மரப்பட்டையில் இருந்தது. வட இந்தியாவிற் பூர்ச்சம் எனப்படும் மரத்தின் இனத்தைச் சேர்ந்த மரத்தின் பட்டையை உரித்து, கூரிய கருவியாற் கீறி, சுருளாக்கிப் பேணினர். மிடேவிவின் என்ற மருத்துவச் சமயச் சங்கத்தினர் படைப்பு வரலாறு, இனத்தின் இடப்பெயர்வு, சடங்கின் படிமுறைகள், பாடல்களின் வரிசை ஆகியவற்றை இச்சுருள்களிற் குறித்து வைத்தனர்.

இச்சுருளின் இயல்பை இங்கு வற்புறுத்திக் கூறவேண்டும். அது தானே பேசும் நூலன்று. கீறப்பட்ட ஒவ்வோர் உருவமும் ஒரு பாடலுக்கோ ஒரு செயலுக்கோ நினைவுக்குறி மாத்திரமே. ஆசானிடம் காணிக்கை செலுத்திப் படிப்படியாகத் தீட்சை பெற்றவனுக்கே அக்குறி பொருள் தரும். ஆசான் இல்லாதவிடத்துச் சுருள் வெறும் மரப்பட்டை. தகுதி பெறாதோர்க்கு அதனைக் காட்டுவது காட்டியவருக்கே தீங்கு பயக்கும் என்ற நம்பிக்கையும் வலுவாக இருந்தது.

இத்தகைய மரபுக்கு ஆசானையும் மாணவனையும் பிரிப்பதைவிடப் பெருங்கேடு வேறில்லை. கனேடிய அரசு செய்தது அதுவே. 1876 ஆம் ஆண்டின் இந்தியர் சட்டம் இம்மக்களை அரசின் பாதுகாப்பிலுள்ள சிறுவர் போலாக்கியது. 1884 இலும் 1895 இலும் வந்த திருத்தங்கள் சுதேசச் சடங்குகள் பலவற்றைக் குற்றமாக்கின. அத்தடைகள் 1951 ஆம் ஆண்டிலேயே சட்டத்திலிருந்து நீங்கின. இவற்றினும் கொடியது திருச்சபைகள் நடத்திய வதிவிடப் பாடசாலை முறை. 1,50,000 இற்கு மேற்பட்ட சுதேசச் சிறுவர் குடும்பங்களிலிருந்து பிரிக்கப்பட்டு இப்பாடசாலைகளுக்கு அனுப்பப்பட்டனர். தாய்மொழி பேசியதற்குத் தண்டனை வழங்குவது அங்கு வழக்கமாயிருந்தது. இம்முறையைப் பண்பாட்டு இனப்படுகொலை என உண்மைக்கும் நல்லிணக்கத்துக்குமான ஆணைக்குழு 2015 ஆம் ஆண்டில் தன் அறிக்கையில் வரையறுத்தது. இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் மறைபொருளை அறிந்த பாட்டன்மார் உயிருடன் இருந்தனர். அதனைப் பெறவேண்டிய பேரர்கள் தொலைவிலுள்ள பாடசாலையில் வேற்றுமொழியிற் செபம் சொல்லிக்கொண்டிருந்தனர்.

மொறிசோ அத்தகைய பேரருள் ஒருவர். ஒன்ராறியோவின் வடபகுதியில், நிப்பிகன் ஏரியை அண்டிய பேர்ட்மோர் என்ற ஊருக்கு அருகிலுள்ள சான்ட் பொயின்ற் ஒதுக்கிடத்து ஒஜிப்வே குடும்பத்தில் 1932 ஆம் ஆண்டு பிறந்தவர் என்பர். 1931 எனக் கொள்வாரும் உளர். மூத்த ஆண்மகவு தாய்வழிப் பாட்டன் பாட்டியிடம் வளர்வது குலவழக்கு. பாட்டனார் மோசஸ் நனகொனகொஸ் ஆவியுலகோடு தொடர்புகொள்ளும் மருத்துவப் பூசகர். பாட்டியார் பக்திமிக்க கத்தோலிக்கர். ஒரு கூரையின் கீழ் இரு சமயங்கள். பாட்டனார் ஏரிக்கரைகளுக்கும் பாறை ஓவியங்களுக்கும் பேரனை அழைத்துச் சென்று தொன்மங்களைக் கூறினார். பாட்டியார் திருச்சொரூபங்களைக் காட்டினார். ஆறு வயதிற் சிறுவன் போட் வில்லியத்திலிருந்த சென் யோசப் வதிவிடப் பாடசாலைக்கு அனுப்பப்பட்டான். அங்கு உடலாலும் உளத்தாலும் பட்ட துன்பங்களும் பாலியல் வன்முறையும் வாழ்நாள் முழுவதும் அவரைத் தொடர்ந்தன என அவரது வாழ்க்கையை ஆராய்ந்தோர் எழுதியுள்ளனர். பத்து வயதளவிற் கல்வியை விட்டுப் பாட்டனாரிடமே மீண்டார். பாடசாலையிற் பெறாத கல்வியை அவர் அங்கு பெற்றார்.

பத்தொன்பதாம் வயதில் அவர் கடுநோயுற்றார். மருத்துவர் கைவிட்ட நிலையில், குலத்து மருத்துவச்சி ஒருவர் அவருக்குப் புதுப்பெயர் சூட்டினார். வலிமை மிக்க பெயர் உயிரை மீட்கும் என்பது அவர்களின் நம்பிக்கை. அப்பெயரைத் தமிழிற் 'செப்பு இடிப்பறவை' எனலாம். சிறகசைப்பில் இடி பிறப்பிக்கும் இடிப்பறவை, நீரடி விலங்கான மிஷிபிஷூவுக்கு என்றும் பகையாகிய வானத்துப் பேராற்றல். அவர் பிழைத்தெழுந்தார். பின்னர் 1950 களின் நடுப்பகுதியிற் காசநோய் காரணமாகப் போட் வில்லியம் சுகநிலையத்திற் கிடந்தபோது ஹரியற் ககெகமிக் என்ற பெண்ணைச் சந்தித்து மணந்தார். சான்டி லேக் பகுதியைச் சேர்ந்த அப்பெண்மணியே அவருக்குக் கிறீ அசையெழுத்தைக் கற்பித்தார். அவர் தம் ஓவியங்களில் செப்பு இடிப்பறவை என்ற பெயரை அவ்வெழுத்தில் ஒப்பமாக இட்டார்.

இவ்வெழுத்தைப் பற்றிச் சிறிது கூறுதல் தமிழ் மாணவருக்குச் சுவை பயக்கும். 1840 ஆம் ஆண்டளவில் ஜேம்ஸ் எவன்ஸ் என்ற மெதடிஸ்த போதகர் நோர்வே ஹவுஸ் என்ற இடத்தில் இதனை அச்சேற்றினார். அதற்குமுன் ஒஜிப்வே மக்களிடையே பணிபுரிந்த காலத்திலேயே அவர் இத்தகைய எழுத்தை ஆராயத் தொடங்கியிருந்தார். ஒரு மெய்க்கு ஒரு வடிவம். அவ்வடிவம் எத்திசை நோக்கித் திரும்புகின்றதோ அதற்கேற்ப அதனோடு சேரும் உயிர் மாறும். நம் உயிர்மெய்யிற் கொம்பும் காலும் செய்யும் பணியை அங்கு திசை செய்கின்றது. கற்றற்கு மிக எளிதாகையால், போதகர்கள் செல்லுமுன்பே ஊரிலிருந்து ஊருக்கு இவ்வெழுத்து பரவிற்று. இதனை எவன்ஸ் ஆக்கவில்லை, ஆவியுலகிலிருந்து தம் முன்னோர் ஒருவருக்கு அருளப்பட்டது எனக் கூறும் கிறீ மரபுரையும் உண்டு. விவிலியத்தைப் பரப்ப அச்சேறிய எழுத்திலே, விவிலியம் விலக்கிய இடிப்பறவையின் பெயரை மொறிசோ எழுதினார்.

1950 களின் பிற்பகுதியில் அவர் றெட் லேக் பகுதியிற் பொற்சுரங்கத் தொழிலாளியானார். ஓய்வு நேரத்திற் பூர்ச்சப்பட்டையிலும் கடதாசியிலும் பலகையிலும் வரைந்தார். அங்கு வைத்தியராயிருந்த ஜோசப் வைன்ஸ்ரைனும் அவர் துணைவியார் எஸ்தரும் தம் இல்லத்து ஓவிய நூல்களை அவருக்குத் திறந்துவிட்டனர். 1960 ஆம் ஆண்டளவில் செல்வின் டியூட்னி என்ற ஆய்வாளரின் நட்பும் கிட்டியது. பேரேரிப் பகுதிப் பாறை ஓவியங்களைத் தேடித் தேடிப் பதிவு செய்தவர் டியூட்னி. அகாவாப் பாறையை 1958 இல் ஆய்வுலகுக்கு மீண்டும் அறிமுகப்படுத்தியவரும் அவரே. அவர் பதிப்பில், ஒஜிப்வே தொன்மங்களை மொறிசோ தம் சொற்களிற் கூறும் நூல் 1965 இல் ரொறன்ரோவில் வெளியாயிற்று. மானிடவியலாளரின் ஆய்வுப்பொருளாக மட்டும் இருந்துவந்த ஒரு மரபு, அம்மரபினர் ஒருவரின் பெயரையே ஆசிரியராகத் தாங்கி நூலாயிற்று.

இதற்கிடையில் 1962 ஆம் ஆண்டு ஜக் பொலொக் என்ற கலைக்கூட உரிமையாளர் வடக்கே ஓவியம் கற்பிக்கச் சென்றவிடத்து மொறிசோவின் படைப்புக்களைக் கண்டார். அவ்வாண்டே ரொறன்ரோவில் நடந்த கண்காட்சியில், திறந்த ஒரு நாளுக்குள் ஓவியங்கள் யாவும் விற்பனையாயின. கனடாவில் அதுவரை சுதேசிகளின் ஆக்கங்கள் நூதனசாலைக் கண்ணாடிப் பேழைகளில் இருந்தன. ஓவியக்கூடச் சுவரில் நிகழ்காலக் கலையாக அவை தொங்கியது ஒரு பெருந்திருப்பமாகும்.

அவ்வோவியங்களை அச்சுப்படிகளிலன்றி நேரிற் காணும் வாய்ப்பு இக்கட்டுரையாளனுக்குக் கிட்டியதில்லை. அச்சுப்படியிலும் சில கூறுகள் தெளிவாகவே புலனாகின்றன. உருவங்களை வளைத்தோடும் தடித்த கருங்கோடு முதலாவது. விலங்கின் தோலை ஊடுருவி உள்ளே குடலும் இதயமும் கருவும் தெரியத் தீட்டும் முறை இன்னொன்று. உடலைவிட்டு வெளியே நெளிந்து சென்று மற்றோர் உயிரைத் தொடும் ஆற்றற்கோடுகள் உள்ளன. இருளும் ஒளியும் போன்ற இருமைகளைக் காட்டும், நடுவே பிளவுண்ட வட்டங்கள் உள்ளன. கோடு மரப்பட்டைச் சுருளிலிருந்து வந்தது, வண்ணம் அவருடையது. திருக்கோயிற் கண்ணாடிச் சாளரங்களின் சாயலை அவ்வண்ணங்களிற் காண்போரும் உளர். பாட்டியாரின் பங்கு அது போலும்! 1975 இல் அவர் தீட்டிய 'கொடை' என்ற ஓவியத்திற் போதகரிடமிருந்து சிலுவையோடு புள்ளிகளும் சுதேசியைச் சேர்கின்றன. அப்புள்ளிகள் பெரியம்மை. பாட்டியாரின் சமயத்தை அவர் வெறுத்தொதுக்கவுமில்லை. அது கொணர்ந்ததை மறக்கவுமில்லை.

1967 இல் மொன்றியலில் நடந்த உலகக் கண்காட்சியின் 'கனேடிய இந்தியர்' மண்டபத்துச் சுவரில் ஓவியம் தீட்ட மொறிசோ அழைக்கப்பட்டார். பூமித்தாயின் மார்பிற் கரடிக்குட்டிகள் பாலருந்தும் காட்சியை அவர் அமைத்தார். அதிகாரிகள் அதனை ஏற்காது மாற்றம் கோரினர். அவர் மாற்றுவதற்கு உடன்படாது பணியை விட்டு நீங்கினார்; அவருடைய உதவியாளரான கார்ள் றே மென்மையாக்கிய வடிவில் அதனை முடித்தார். மனிதக் குழந்தையும் கரடிக்குட்டியும் ஒரே தாயின் மக்கள் என்பது அனிஷினாபே நோக்கில் இயல்பான உண்மை. அதிகாரிகளின் நோக்கில் அது அநாகரிகமாயிற்று.

வெளியிலிருந்து வந்த இத்தடையைவிட உள்ளிருந்து எழுந்த எதிர்ப்பே ஆழமாக ஆராயத்தக்கது. மிடேவிவின் மறைபொருளை அந்நியர் கண்முன் விரிப்பதற்கு அவர் சமூகத்து முதியோர் பலர் உடன்படவில்லை. நகரத்து விமர்சகர் சிலர் இதனைப் பழைமைவாதிகளின் மூடத்தடையெனவும், அதனை மீறியதே கலைஞனின் வீரமெனவும் எழுதினர். அக்கூற்றை ஏற்றல் அரிது. முதியோரின் தடைக்கு வலுவான காரணம் இருந்தது. ஆசானிடமிருந்து பிரித்தெடுத்த உருவம் அறிவாகாது, அலங்காரமாகும் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர். சடங்குப் பொருள்களைப் பறிகொடுத்தும், சடங்கு செய்தமைக்காகத் தண்டனை பெற்றும் வந்த மக்களுக்கு மறைத்தல் ஒன்றே எஞ்சிய அரணாகவும் இருந்தது.

மொறிசோவுக்கும் காரணம் இருந்தது. தம் மக்கள் இழந்த தன்மதிப்பை மீட்பதே நோக்கம் என அவர் பலமுறை கூறியுள்ளார். தம் தலைமுறையினர் பாட்டன்மாரிடம் செல்லப்போவதில்லை. பாடசாலையில் அவர்கள் கற்றது அம்மரபு இழிந்தது என்பதை மட்டுமே. அவர்கள் காணக்கூடிய இடத்திலே, வெள்ளையரும் வியக்கும் வடிவிலே அதனை வைத்தாலன்றி அவர்கள் திரும்பிப் பார்க்கமாட்டார் என அவர் எண்ணினார். தாம் தீட்டுவது களவன்று, கனவிலும் தரிசனத்திலும் தமக்கு அளிக்கப்பட்ட உரிமை என்பதும் அவர் நிலைப்பாடு. மரபு கட்டளையிட்டதை மரபின் அடிப்படையிலேயே மீறியவர் அவர். எனது எண்ணத்தில், 1930 களில் ஆசானும் மாணவனும் கூடியிருந்த நிலை தொடர்ந்திருப்பின் முதியோர் கூற்றே சரி. அந்நிலை தகர்ந்த பின்னர், மொறிசோ வேறு எதைச் செய்திருக்க முடியும் என்ற வினாவுக்கு அவரை எதிர்த்தோரிடம் விடை இருந்ததாகத் தெரியவில்லை.

அவர் திறந்த கதவின் வழியே பலர் வந்தனர். 1971, 1972 ஆம் ஆண்டுகளில் அவரும் கார்ள் றேயும் வடபகுதி ஒதுக்கிடப் பாடசாலைகளுக்குச் சென்று சிறுவருக்கு ஓவியமும் தொன்மமும் கற்பித்தனர். எந்தப் பாடசாலை முறை அம்மரபை அழிக்க முயன்றதோ அம்முறையின் வகுப்பறையிலே மிஷிபிஷூ வரையப்பட்டது. 1973 இல் ஹரியற்றின் சகோதரர் மூவர் றெட் லேக்கில் அச்சோவியக் கூட்டுறவு நிலையமொன்றைத் தொடங்கினர். அதே காலத்தில் மனிற்றூலின் தீவைச் சேர்ந்த டவ்னி ஓஜிக் என்ற பெண் ஓவியரின் முயற்சியால் வின்னிபெக்கில் எழுவர் கொண்ட சுதேச ஓவியர் சங்கம் உருவாயிற்று; மொறிசோவும் றேயும் அவ்வெழுவரில் இருவர். 'வனநில மரபு' என இன்று கலை வரலாற்றாசிரியர் குறிக்கும் ஓவிய நெறி இவ்வாறு ஒரு தலைமுறைக்குள் நிலைபெற்றது.

ஆயின் ஓவியம் மொழியைக் காக்குமா? இடிப்பறவையின் உருவத்தை அறிந்த இளைஞன் அதன் பெயரைத் தாய்மொழியிற் சொல்ல அறியாதிருத்தல் கூடும். இவ்விடத்தில் மொறிசோவின் சமகாலத்தவரான பஸில் ஜோன்ஸ்ரனை (1929–2015) நினைத்தல் வேண்டும். ஸ்பானிஷ் என்ற ஊரின் வதிவிடப் பாடசாலையிற் பயின்ற அனிஷினாபே அறிஞர் இவர். இந்தியர் பற்றி வாரக்கணக்காகப் பாடம் கற்ற ஒரு சிறுவன், கூடாரமும் உரோம ஆடையும் தவிர இவர்களிடம் வேறு ஒன்றுமே இல்லையா எனச் சலிப்புடன் கேட்டதைத் தம் கட்டுரையொன்றில் இவர் எழுதியுள்ளார். ரொறன்ரோ றோயல் ஒன்ராறியோ நூதனசாலையில் 1990 களின் நடுப்பகுதி வரை ஏறத்தாழக் கால் நூற்றாண்டு பணிபுரிந்து, தொன்ம நூல்களோடு பாடத்திட்டமும் சொற்கோவையும் ஆக்கினார். சொற்களின் உட்பொருளை விளக்குவதில் இவருக்கு நிகர் அரிது. ஒருவர் உண்மை பேசுகின்றார் எனக் குறிக்கும் அனிஷினாபே சொல்லைப் பகுத்து, தம் அறிவும் சொல்வளமும் எட்டும் தொலைவு வரையே அவர் தம் குரலை வீசுகின்றார் என்பது அதன் ஆழ்பொருள் என்று காட்டினார். அதற்கப்பாற்பட்ட முழுமுதல் உண்மையை எவரும் கோரமுடியாது என்பது அச்சொல்லுக்குள்ளேயே அடங்கியுள்ளது. இத்தகைய நுட்பத்தை எந்த வண்ணமும் காட்டமாட்டாது. ஓவியர் மக்களைத் திரும்பிப் பார்க்கச் செய்தார்; திரும்பியவர்க்குக் கற்பிக்க ஜோன்ஸ்ரன் போன்றோர் வேண்டியிருந்தனர்.

மொறிசோவின் பிற்கால வாழ்வு துன்பம் நிறைந்தது. மதுவுக்கு அடிமையாகி, 1972 இல் வன்கூவர் விடுதித் தீவிபத்திற் கடுங்காயமுற்று, 1973 இற் கெனோராச் சிறையில் அடைக்கப்பட்டு, அங்கும் மேலதிக அறையொன்றைப் பெற்று ஓவியம் தீட்டினார். 1980 களின் பிற்பகுதியில் வன்கூவர்த் தெருக்களிற் குடிப்பணத்துக்காகச் சித்திரம் விற்றார். பத்திரிகைகள் இவற்றை விரும்பி எழுதின. வீழ்ந்த மேதை என்ற கதை அவற்றுக்கு இனித்தது. ஆறு வயதுச் சிறுவனுக்குப் பாடசாலையில் நிகழ்ந்ததை அக்காலத்தில் அவை எழுதவில்லை.

இவற்றுக்கிடையிலும் 1977 இல் 'மனிதன் இடிப்பறவையாதல்' என்ற, ஆறு கித்தான்களில் விரியும் படைப்பை அவர் ஆக்கினார். முதற் கித்தானில் நிற்கும் மனிதன் படிப்படியே உருமாறி இறுதியில் முற்றும் பறவையாகின்றான். தமக்குப் பெயர் சூட்டப்பட்ட நிகழ்ச்சியையே அவர் அதில் வரைந்தார் என்று கொள்வதிற் தவறில்லை. 1978 இற் கனேடிய அரசின் உயர் விருது கிடைத்தது. 1983 இல் 12 அடி உயரமும் 20 அடி அகலமும் கொண்ட ஓவியமொன்றை அவர் கனேடிய மக்களுக்கு வழங்கினார். 1989 இற் பாரிஸ் பொம்பிடு நிலையத்தின் உலகக் கலைக் கண்காட்சியில் இடம்பெற்றார். 2006 இல் ஒட்டாவா தேசிய ஓவியக் கலைக்கூடம் அவர் வாழ்நாள் ஆக்கங்களைக் காட்சிப்படுத்தியது. ஆதிக்குடி ஓவியர் ஒருவருக்கென அக்கூடம் தனிக் கண்காட்சி நடத்தியது அதுவே முதன்முறை. பார்க்கின்சன் நோயால் நடுங்கும் உடலுடன் அவர் சக்கர நாற்காலியில் இருந்தார். 2007 டிசம்பர் 4 ஆம் நாள் ரொறன்ரோவிற் காலமானார்.

அவர் வாழ்ந்த காலத்திலேயே போலி ஓவியங்கள் பெருகத் தொடங்கியிருந்தன. அவை தம்முடையன அல்ல என அவர் மறுத்துரைத்தபோதும் விற்பனை நிற்கவில்லை. மெய்யான ஆக்கங்களை உறுதிசெய்து பட்டியலிட 2005 இல் மொறிசோ மரபுரிமைச் சங்கம் அமைக்கப்பட்டது. 2019 இல் ஆவணத் திரைப்படமொன்று இம்மோசடியை அம்பலப்படுத்தியது. 2023 மார்ச் மாதத்திற் பொலிசார் எண்மரைக் கைது செய்து, ஆயிரத்துக்கு மேற்பட்ட ஓவியங்களைக் கைப்பற்றினர். முதன்மைக் குற்றவாளிகள் இருவர் குற்றத்தை ஒப்புக்கொண்டு 2023 இலும் 2024 இலும் ஐந்தாண்டுச் சிறைத்தண்டனை பெற்றனர். அவர்களுள் ஒருவரின் பட்டறையில் மட்டும் ஏறத்தாழ 1,500 போலிகள் ஆக்கப்பட்டன. பென்சிலால் உருவங்களை வரைந்து, எந்தப் பகுதிக்கு எந்த வண்ணம் என்பதை எழுத்துக்களாற் குறித்து, கூலியாட்கள் நிரப்பினர்.

முதியோரின் அச்சம் இவ்வாறு மெய்யாயிற்று எனலாமா? ஓரளவுக்கு ஆம். பூர்ச்சப்பட்டைச் சுருளைப் போலி செய்து எவரும் பயன்பெற இயலாது. பாடல் அறிந்த ஆசான் இல்லாவிடின் அதற்கு விலையே இல்லை. சுவரில் தொங்கும் ஓவியத்துக்கோ வாங்குபவன் ஒருவன் இருந்தாற் போதும். மறுபுறம், சுருள்களிற் பல நூதனசாலைப் பேழைகளில் வாசிப்பாரற்றுக் கிடக்கின்றன என்பதையும் மறத்தலாகாது. போலிகளின் மீதும் கருங்கோடு உண்டு, ஆற்றற்கோடு உண்டு, பிளவுண்ட வட்டமும் உண்டு. ஹரியற் கற்பித்த அசையெழுத்தில், நோய்ப்படுக்கையிற் கிடந்த பத்தொன்பது வயது இளைஞனுக்கு உயிர் மீட்கச் சூட்டிய பெயரும் அவற்றின் மூலையில் எழுதப்பட்டிருக்கின்றது.